மாமா இனி என் அலுவலகத்துக்கு வரவேண்டாம்

அன்புள்ள நாகேந்திரம் மாமாவுக்கு,

நீங்கள் சுகமாக இருப்பது தெரியும். பக்கத்து அறையில் தும்முவது கேட்கிறது. நேரில் கதைத்தால் எனக்கு அழுகை வரும், நீங்கள் தேத்தண்ணி போட்டுத் தருவீர்கள், விஷயம் அத்தோடு முடிந்துவிடும். அதனால் எழுதுகிறேன்.

கொட்டாஞ்சேனையிலிருந்து வெள்ளவத்தைக்கு வேலைக்குப் பெண்பிள்ளை தனியாகப் போய்வரக் கூடாது என்று தீர்மானித்தது நீங்கள். சரி. எனக்கு வேலை முடிவது பின்னேரம். கூட்டிப்போக நீங்கள் மத்தியானமே வந்துவிடுகிறீர்கள். அதுவும் சரி. பேப்பர் பார்க்கவென்று ரிசப்ஷன் கம்ப்யூட்டருக்கு என் பாஸ்வேர்டைக் கேட்டீர்கள், கொடுத்தேன். அலுவலகத்தில் எல்லாருக்கும் கேம் தடை. எங்கள் பேஸ்புக் பக்கத்தை நான் கவனிப்பதால் என் கணக்கு மட்டும் திறந்திருக்கிறது. பேப்பரா பார்த்தீர்கள்? ஹெட்போனை மாட்டிக்கொண்டு இன்டர்நெட்டில் யாரோ பொடியன்களோடு துப்பாக்கி கேம். நேற்றுக் காப்புறுதிப் பணம் கேட்டு வந்த ஓர் அம்மா கதவைத் திறக்க, "கதவால ஒண்டு வருது, சுடு தம்பி" என்று நீங்கள் கத்த, அவர் குடையையும் போட்டுவிட்டு வெளியே வீதிக்கே ஓடிவிட்டார்.

உங்களை ஒருவரும் ஏசவில்லை. நெட்வேர்க் பார்க்கும் ரிஷாத், "அங்கிளுக்கு எங்கட வாப்பாட வயசு, நான் எப்பிடிச் சொல்ற?" என்கிறான். மனேஜர் சிவபாலன் சேர் உங்களுக்கு எழும்பி வணக்கம் சொல்லிவிட்டு, உள்ளே வந்து என்னைக் கிழித்தார். "பிள்ளை, ரெக்கோட்டில விளையாடினது நீர்தான். உம்மட வேலைய நிரந்தரமாக்கிற கடிதத்தில நான் எப்பிடிக் கையெழுத்து வைக்கிறது?" எங்கட வீட்டில கம்பஸ் படிப்பு முடிச்ச முதல் ஆள் எண்டு கோயில் ஐயர் வரைக்கும் சொல்லித் திரிஞ்சது நீங்கள்தானே மாமா, அந்த ஆளின்ர வேலையத்தான் இப்ப சுட்டுக்கொண்டிருக்கிறியள், நான் வாய் திறக்காத பிள்ளை எண்டதுக்காக என்ன செய்தாலும் பொறுத்துக்கொண்டிருப்பன் எண்டு நினைச்சியளோ. நாளையிலயிருந்து வரவேண்டாம். நான் பஸ்ஸில வருவன். பாஸ்வேர்டும் மாத்தியாச்சு.

மாமிக்கு என் அன்பு. கடவுள் உங்களுக்கு நீண்ட ஆயுளையும் வேறு ஏதாவது பொழுதுபோக்கையும் தரட்டும்.

இப்படிக்கு,
கோபத்தோடு,
உங்கள் மருமகள் சுபோதினி

பி.கு.: சேர் இப்போதுதான் போன் எடுத்தார். நாளைக்குப் பின்னேரம் தலைமை அலுவலகத்தாரோடு அந்த கேமில் போட்டியாம். ஒருநாளைக்குத் தடையை எடுக்க ரிஷாத்திடம் சொல்லியாச்சாம். "எங்கட பக்கம் சுடத் தெரிஞ்ச ஆள் இல்லை பிள்ளை, மாமாவைக் கட்டாயம் வரச் சொல்லும்" என்றார். வாருங்கள். ஆனால் அவர் என்னை நிரந்தரமாக்கும் கடிதத்தில் கையெழுத்து வைக்கும்வரை மவுஸைத் தொடக்கூடாது.