துரை கொடுத்த விளக்கு

தங்க நிறம் அடித்த அரிக்கேன் விளக்கைத் தனராஜ் பற்றவைத்ததுதான் தாமதம், அது டயர் எரிகிற வாசனையோடு அப்பளம் அப்பளமாகக் கொப்பளித்தது.

"நைனா, அது அக்ரிலிக் பெயிண்ட். படம் வரையறது. சூடு பட்டா இப்டித்தான் ஆவும்," என்றாள் மகள் பிளெஸ்ஸி. பெயிண்ட் அவளுடையது, கேட்காமல் எடுத்தவர் அவர்.

"துருவோட இருந்தா பிஷப் இன்னா நெனப்பாரு?"

"நூறு வருஷத்து வெளக்குன்னு நெனப்பாரு," என்றாள் மனைவி யூனிஸ். "அப்டியே உட்டுடுங்கன்னு தலபாடா அடிச்சிக்கினேனே!"

மறுநாள் சித்தூர் சபையின் நூற்றாண்டு ஆராதனை. தனராஜின் கொள்ளுத்தாத்தாவுக்கு மிஷனரி துரை தன் கையால் கொடுத்த விளக்கை பிஷப் ஏற்றிவைப்பார் என்று அழைப்பிதழிலேயே அச்சாகியிருந்தது. கிறிஸ்துமஸுக்குக் கிறிஸ்துமஸ் தனராஜ் எழுந்து நின்று, காலரா காலத்தில் துரை இந்த விளக்கோடு பிச்சாட்டூர்வரை நடந்த கதையைச் சொல்வார். வருஷத்துக்கு வருஷம் துரை நடக்கும் தூரம் கூடிக்கொண்டே போனது.

உப்புத்தாளை எடுத்துத் தேய்த்தார். பெயிண்ட் போயிற்று. கூடவே துருவும் போயிற்று. இத்தனை காலம் அடித்தொட்டியைக் காப்பாற்றி வந்தது அந்தத் துருதான் என்பது கிரசின் மடியில் ஒழுகியபோது தெரிந்தது.

பார் சோப்பைக் குழைத்து ஓட்டையை அடைத்தார். மறுபடி பற்றவைத்தார். சோப்பு உருகியது. சொட்டிய கிரசினும் பற்றிக்கொள்ள, விளக்கு உள்ளேயும் வெளியேயும் சேர்ந்தே எரிந்தது. பதறிப்போய் ஈரச் சாக்கைப் போட்டு அமுக்கினார். நெருப்பு அணைந்தது. கண்ணாடி 'டப்' என்று வெடித்தது. அமுக்கிய அமுக்கில் விளக்கு நசுங்கிப்போனது.

தனராஜ் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"போச்சி. காலராவுக்கே தப்பிச்ச வெளக்கு. எங்க நைனா பொட்டில வச்சி காபாத்தினது. ஒரு பெயிண்டுக்குப் போச்சி. நான் சபைக்கு வரல யூனிசு. செத்துட்டேன்னு சொல்லிடு."

"செத்தா அடக்கத்துக்கும் பிஷப்பே வருவாரு. வெளக்கு எங்கன்னு அப்பவும் கேப்பாரு. எழுந்திருங்க, திருப்பதில ஒரு பழைய சாமான் கட இருக்குது."

சந்திரகிரி தாண்டும்வரை பஸ்ஸில் அவர் மூக்கைச் சிந்திக்கொண்டே வந்தார்.

கடைக்காரர் ரங்கையாவின் முன்னால், பிள்ளையைக் கிடத்துவது போலத் துண்டை விரித்து நசுங்கிய விளக்கை வைத்தார்.

"இந்த மாதிரி இன்னொண்ணு உலகத்துலயே இருக்காதுண்ணா. துரை குடுத்தது. எங்க வம்சத்துக்கே..."

ரங்கையா விளக்கைப் பார்க்கவில்லை. தனராஜின் முதுகுக்குப் பின்னால் நின்ற யூனிஸைப் பார்த்து முகம் மலர்ந்தார்.

"ரண்டம்மா, வாங்க வாங்க! உங்க மாமியாரு ஒடச்சிட்டு வந்து ரெண்டு வாங்கினாங்க, நீங்க ஒடச்சிட்டு வந்து ஒண்ணு வாங்கினீங்க; இப்ப சாரோட மொறையா?"