உயிலை நேரில் பார்த்த மாமா

சொத்துத் தகராறு உள்ள எந்தக் குடும்பத்தை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளுங்கள், அதில் 'என்னைக் கேட்டிருந்தா' என்கிற ரகம் ஒன்று கட்டாயம் இருக்கும். பெரும்பாலும் அது ஒரு மாமா. அவரைக் கேட்காமல் வீட்டுக்குச் சுண்ணாம்பு அடித்தால் நிறம் தப்பு, பெண்ணைக் கொடுத்தால் மாப்பிள்ளை தப்பு, ஆஸ்பத்திரிக்குப் போனால் டாக்டரே தப்பு. கேட்டுவிட்டுச் செய்தவர்கள் யாராவது உண்டா? அந்தப் பேச்சு இப்போது வேண்டாம்.

நம் மாமாவுக்கு நல்ல காலம் பிறந்தது அவருடைய அத்தான் காலமான பிறகு. அத்தான், வீட்டைச் சின்ன மகள் பேருக்கு உயில் எழுதித் தன் பீரோவிலேயே வைத்திருந்தார். கடைசிவரை அவரைக் குளிப்பாட்டிச் சோறூட்டியவள் அவள். அந்த வீட்டு முன்னறையில் தையல் மிஷின் போட்டுப் பிழைக்கிறவள். பீரோவைத் திறந்தால் உயிலைக் காணோம். அவள் கையில் இருந்தது ஒரு ஜெராக்ஸ் மட்டும். "அப்பாவே மனசு மாறிக் கிழிச்சிருப்பார்" என்றான் அண்ணன். அப்படியானால் வீட்டை விற்றுப் பங்கு போட வேண்டியதுதான். "கிழிக்கலை, தொலைஞ்சுபோச்சு" என்று அவள் கோர்ட்டுக்குப் போனாள். உயிலில் சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்களில் மிச்சம் இருந்தது மாமா ஒருவர்தான்.

அதோடு மாமாவின் நடையே மாறிவிட்டது. முடிவெட்டும் கடையில், பஸ்ஸில், பல் டாக்டர் முன்னால் வாயைப் பிளந்து உட்கார்ந்திருந்த நேரத்தில்கூட உயில் எழுதிய கதையைச் சொன்னார்; ஒவ்வொரு தடவையும் கதையில் அத்தான் கொஞ்சம் குறைந்தார், மாமா கொஞ்சம் கூடினார். நடந்தது என்ன தெரியுமா? அத்தான் கையெழுத்துப் போட வேண்டிய இடத்தைக் காட்டி, "பேனா எழுதுதா பாரு" என்றார். அவர் மாமாவிடம் கேட்ட ஒரே யோசனை அதுதான்.

"மாமா, கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க. மேல ஒரு வார்த்தை வேணாம்" என்று அவள் கெஞ்சினாள்.

"எனக்கேவா? என்னைக் கேட்டிருந்தா இந்த வக்கீலையே வெச்சிருக்க மாட்டே."

கூண்டில் நன்றாகத்தான் ஆரம்பித்தார். கையெழுத்து என்னுடையது, அத்தான் என் கண்ணெதிரே போட்டார், நல்ல நினைவோடு இருந்தார். அவளுக்கு உயிர் வந்தது. அப்போது அண்ணனுடைய வக்கீல் மெல்ல எழுந்தார்.

"உங்களைக் கையெழுத்துக்கு மட்டும்தான் கூப்பிட்டாங்க. மத்தபடி அந்த வீட்ல உங்க பேச்சு எடுபடாது. சரிதானே?"

சரி என்றால் வீடு அவளுக்கு. மாமா சுற்றிலும் பார்த்தார். சொந்தக்காரர்கள் அத்தனை பேரும் உட்கார்ந்திருந்தார்கள்.

"யார் சொன்னது? என்னைக் கேக்காம அத்தான் ஒரு துரும்பை அசைக்கமாட்டார்."

"உயிலைப் பத்தியும் கேட்டாரா?"

"கேக்காம? இது சரியில்லை அத்தான், கிழிச்சுப் போடுங்க, வேற நல்லதா எழுதலாம்னு நான்தான் சொன்னேன்."

"உங்க பேச்சை அவர் தட்டினதே இல்லையோ?"

"ஒருநாளும் இல்லை."

வக்கீல் உட்கார்ந்துவிட்டார். வேறு கேள்வி அவருக்குத் தேவைப்படவில்லை.

வீடு போயிற்று. அவள் தையல் மிஷினை வண்டியில் ஏற்றிய அன்று, மாமா பக்கத்திலேயே நின்று, என்னைக் கேட்டிருந்தா உயிலைப் பீரோவுல வைக்கவே விட்டிருக்கமாட்டேன் என்றார். அவரிடம் அவள் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். "மாமா, கொஞ்சம் தள்ளி நில்லுங்க."

நீங்கள் சிரிக்கிறீர்கள். ஆனால் அந்த மனிதரைக் கூண்டில் ஏற்றியதே தப்பு, இதற்கு வேறு வழி இருக்கிறது, அந்தப் பெண் நம்மிடம் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் சொல்லியிருப்போமே என்று இதற்குள் உங்களுக்குத் தோன்றியிருக்க வேண்டுமே. தோன்றியதா? அப்படியானால் பார்த்து ஏறுங்கள். கூண்டுப் படி கொஞ்சம் உயரம்.