கைதட்டினால் நீளும் பிற்பகல்

கிட்டே வாருங்கள் கண்ணுகளா, இன்னும் கிட்டே. கால் வலிக்கிறவர்கள் நீட்டிக்கொள்ளுங்கள், ஒன்றும் மரியாதைக் குறைவில்லை. சக்கரம், அச்சு, மின்சாரம் என்று மனிதன் கண்டுபிடித்த அற்பப் பொருள்களையெல்லாம் ஓரமாகத் தள்ளிவிட்டு, உலகம் கண்ட ஒரே உருப்படியான சாதனத்தின் கதையைச் சொல்கிறேன். அதுதான் பருவத்தறி.

நீளவாக்கில் நேரம், குறுக்கே வானிலை. இரண்டையும் சேர்த்து நெய்தால் வேண்டிய பொழுது கிடைக்கும். சாரலில் ஒரு காலை, இளவெயிலில் ஒரு பிற்பகல், எது கேட்டாலும் சரி. இப்படியொன்று கையில் கிடைத்திருந்தால் நீங்களும் நானும் வயலுக்கு மழை நெய்திருப்போம். நம் புத்தி அவ்வளவுதான். அரசாங்கமோ அதற்கென ஒரு துறை அமைத்தது. துறை சனிக்கிழமைதோறும் "சாதனை விளக்கக் கூட்டம்" நடத்தியது. கூட்டத்துக்குத் தோதான இளவெயிலைத் தறி நெய்தது. என்ன சாதனை என்று கேட்டால், கூட்டத்துக்கு வெயில் நெய்ததுதான்.

வெயில் நீள வேண்டுமென்றால் நேர நூல் வேண்டுமே? துறையின் இயக்குநர் ஒரு குழுவைக் கூட்டினார்.

"ஞாயித்துக்கிழமை யாராவது ஒரு கோப்பைத் திறக்கிறாங்களா? இல்ல. அப்போ அது சும்மாதானே கிடக்கு?"

குழு மெய்சிலிர்த்தது. அன்றுமுதல் ஞாயிறு "உபரி நேரம்" ஆயிற்று. கூடவே ஒரு நிலையான உத்தரவும் பிறந்தது: கைதட்டல் என்பது மக்களின் விருப்பம், அது எழும்போதெல்லாம் பிற்பகலை நீட்டுக.

இயக்குநர் தொண்டை வறளப் பேசிவிட்டு "இறுதியாக" என்பார். அப்பாடா, முடிக்கப்போகிறார் என்று சனம் கைதட்டும். தறி ஓடும். ஞாயிற்றிலிருந்து கொஞ்சம் நூல் உருவப்படும். அவர் புதுத் தெம்போடு தொடர்வார். மறுபடி "இறுதியாக". மறுபடி கைதட்டல். ஊர் சனிக்கிழமை படுத்துத் திங்கட்கிழமை எழுந்தது.

தறியை ஓட்டியவனைத் தறிக்காரன் என்றே எல்லோரும் கூப்பிட்டார்கள். புதுசாகக் கல்யாணமானவன். மனைவிக்குப் பக்கத்து ஊர் ரயிலடி டீக்கடையில் வேலை. ஞாயிறு மட்டும்தான் லீவு. அன்றுதான் ரயிலேறி வருவாள், அன்றுதான் அவனுக்குக் குடித்தனம். அந்த ஞாயிறு அவன் கையாலேயே உருவப்பட்டுக்கொண்டிருந்தது.

வெள்ளிக்கிழமை அவள் போனில் பிடித்துக்கொண்டாள்.

"போன சனிக்கிழமை படுத்தேன், எழுந்தா திங்கள். லீவு நல்லா கழிஞ்சுதாம்மான்னு கடைக்கார அண்ணன் கேக்குறாரு. என்னத்தச் சொல்ல?"

"மேலிடத்து உத்தரவு. நான் என்ன பண்ணட்டும்?"

"கட்டிக்கிட்டது என்னையா, அந்தத் தறியையா?"

"மெதுவா பேசு, பக்கத்துலதான் இருக்கு."

"கேட்டுட்டுப் போகட்டும். இந்த வாரமும் ஞாயிறு வரலைன்னா, அடுத்து எந்த ஞாயிறு வந்தாலும் நான் வரமாட்டேன். ஆமா."

தறிக்காரன் கையைப் பிசைந்துகொண்டு இயக்குநர் முன் நின்றான்.

"ஐயா, இந்த வாரம் கொஞ்சம் சுருக்கமா..."

"நானாய்யா பேசுறேன்? மக்கள் பேச வைக்கிறாங்க. தட்டுறது காதுல விழலையா?"

"வீட்டுக்காரி கோவிச்சுக்கிறா ஐயா."

"என் வீட்டுக்காரியப் பாரு. வாராவாரம் கூட்டம் வைங்கன்னு சொன்னதே அவதான்!"

இதைவிட உத்தமமான குடும்பத் தலைவரை நான் கேள்விப்பட்டதில்லை.

சனிக்கிழமை மண்டபம் நிறைந்தது. வெயில் வெண்ணெய்போல் ஜன்னலில் வழிந்தது. முதல் "இறுதியாக"விலேயே ஞாயிறு விடிகாலை போயிற்று. அடுத்ததில் காலைத் தூக்கம். தறிக்காரன் நூற்கண்டையே பார்த்துக்கொண்டிருந்தான், பாதிக்குமேல் இளைத்துவிட்டது.

அப்போது பின்வாசல் வழியாக ஒரு பெரிய கெட்டில் வந்தது. அதன் பின்னால் அவன் மனைவி, கடைக்கார அண்ணன் காலில் விழாத குறையாக லீவு வாங்கிக்கொண்டு.

"கூட்டத்துல டீயா? யாரு ஏற்பாடும்மா?" என்றார் தபால்காரர்.

"துறை ஏற்பாடுதான் அண்ணே. தளும்ப ஊத்தியிருக்கேன், ரெண்டு கையாலயும் பிடிங்க. சுடும்."

வரிசை வரிசையாகக் கொடுத்தாள். கீழே வைக்கலாமென்றால், தரை முழுக்கத் துறைச் சின்னம் போட்ட கம்பளம். சின்னத்தின்மேல் டீயை வைக்க யாருக்குத் துணிச்சல்?

"இறுதியாக!" என்றார் இயக்குநர்.

உஸ், உஸ் என்று ஊதும் சத்தம்.

"இறுதியாக!!"

தபால்காரர் தலையை மட்டும் பலமாக ஆட்டினார். தறி நின்றது. அதுவரை கட்டிவைத்திருந்த சூரியன், கயிறு அறுந்த வாளிபோல் பொத்தென்று விழுந்தது. சனம் இருட்டில் வீட்டுக்கு ஓடியது.

மறுநாள் ஊருக்கு ஞாயிறு வந்தது. மத்தியானத்திலிருந்துதான், ஆனாலும் வந்தது. தறிக்காரனும் அவன் மனைவியும் அதை ஒரு வேலையும் செய்யாமல் செலவழித்தார்கள். கடைசி ரயிலுக்கு அவள் கிளம்பியபோது அவனும் கூடவே ஏறிவிட்டான். இப்போது அதே டீக்கடையில் டம்ளர் கழுவுகிறான். தினமும் பொண்டாட்டி முகத்தில் விழிக்கிறவனுக்கு ஞாயிறு எதற்கு?

துறைக்கு வேறொரு தறிக்காரன் வந்தான். அடுத்த சனிக்கிழமை இயக்குநர் மேடையேறி அறிவித்தார்: "மக்களின் விருப்பத்துக்குக் குறுக்கே நிற்பதால், இனி கூட்டங்களில் டீ கிடையாது!"

சனம் என்ன செய்தது தெரியுமா? கைதட்டியது.

தறியைத் திட்டாதீர்கள் கண்ணுகளா. ஞாயிற்றைத் தின்றது அது இல்லை. இதோ, கதை முடிந்ததென்று நீங்களும் கையைத் தூக்குகிறீர்களே, அதுதான். இறக்குங்கள். உங்கள் வீட்டு ஞாயிறுகள் ஓர் இழையும் குறையாமல் வந்துசேரட்டும். பிரிந்திருப்பவர்கள் ஒரே ரயிலில் ஏறட்டும். உங்கள் இரண்டு கைகளிலும் எந்நாளும் சூடாக ஏதாவது இருந்துகொண்டே இருக்கட்டும்.