அறுபது சொல்லில் ஒரு செத்தவீடு

எதையும் சுருக்கிச் சொல்லத் தெரிந்தவர்களிடம் மரண அறிவித்தலை மட்டும் கொடுத்துவிடாதீர்கள். அனுபவத்தில் சொல்கிறேன். கொடுத்தவளாக அல்ல, சுருக்கியவளாக.

அப்போது எனக்கு இருபத்துநாலு வயது. கொக்குவிலில் ஒரு வீட்டின் மேல்மாடியில் இயங்கிய செய்திச் செயலியில் வேலை. எந்தச் செய்தியானாலும் அறுபது சொல்லுக்குள் போட வேண்டும். பஸ்ஸுக்கு நிற்பவன் பஸ் வருவதற்குள் நாலு செய்தி வாசித்துவிட வேண்டும் என்பது முதலாளி சுதன் அண்ணையின் கொள்கை. எனக்கு அந்த வேலை தலைக்கேறிவிட்டது. யாரோ இரண்டு மணித்தியாலம் மேடையில் பேசியதை மூன்று வரியில் முடித்துவிடுவேன். (அதுவே கொஞ்சம் கூடத்தான்.) வீட்டில் அம்மா வாயைத் திறந்தாலும் "சுருக்கிச் சொல்லுங்கோ" என்பேன். திமிர், வேறொன்றுமில்லை.

அந்த ஆனியில்தான் எனக்குக் கலியாணம் முற்றாகியிருந்தது. மாப்பிள்ளை தயாளன், நீர்வேலியில் வாழைத்தோட்டக்காரக் குடும்பம். எனக்கு அவரைப் பார்த்தவுடனேயே பிடித்துவிட்டது. அதை வெளியில் காட்டாமல் "உங்கடை விருப்பம் அம்மா" என்று சொல்லி நல்ல பிள்ளைப் பெயரும் வாங்கியிருந்தேன். ஆடி கழியட்டும், நாள் வைப்போம் என்றிருந்தார்கள்.

ஆடி அமாவாசையன்று காலை தயாளனிடமிருந்து அழைப்பு வந்தது.

"அம்மப்பா மோசம் போட்டார். தொண்ணூற்றிரண்டு வயசு, நித்திரையிலையே போட்டார். பின்னேரம் எடுக்கினம். அறிவித்தலை உங்கடை ஆப்பிலை போடுவியளோ?"

"ஓம், இப்பவே போடுறன்," என்றேன். போகப்போகிற வீட்டில் என் கெட்டித்தனத்தைக் காட்ட இதைவிட நல்ல சந்தர்ப்பம் வருமா? (செத்தவீட்டில் சந்தர்ப்பம் பார்த்த என்னை என்ன சொல்வது.)

வந்த அறிவித்தல் மூன்று பக்கம். இன்னாரின் பாசமிகு தந்தையும், இன்னார் இன்னாரின் அன்பு மாமனாரும், கனடா, பிரான்ஸ், லண்டன், சுவிஸ் என்று பெயர் பெயராகப் போய்க்கொண்டே இருந்தது. பெயரில் என்ன செய்தி இருக்கிறது என்று நினைத்தேன். மூத்த மகனின் பெயரை மட்டும் வைத்துக்கொண்டு, மற்ற ஐம்பத்துநாலு பேரையும் "மற்றும் பலர்" என்று இரண்டே சொல்லில் அடக்கினேன். சுதன் அண்ணை தகப்பனுக்குத் தர்ப்பணம் செய்யக் கீரிமலைக்குப் போயிருந்தார். தடுக்க ஆளில்லை. போட்டுவிட்டுத் தேத்தண்ணி ஊற்றினேன்.

அதைக் குடிக்க விடவில்லை. முதல் அழைப்பு கனடாவிலிருந்து.

"பிள்ளை, நான் அவற்ரை ரெண்டாவது மகள். நான் மற்றும் பலரோ?"

அடுத்தது பிரான்ஸ். அதற்கடுத்தது சுவிஸ். கடைசியில் கீரிமலையிலிருந்து ஈரத் தலையோடு வந்து நின்றார் சுதன் அண்ணை.

"பிள்ளை, செத்தவர் ஆப் பார்க்கமாட்டார். பெயர் கிடக்கிறவைதான் பார்ப்பினம். உந்த அறிவித்தலாலைதான் எங்கடை கரண்ட் பில்லே கட்டுப்படுது."

அப்போதுதான் அந்த மூன்று பக்கத்தையும் ஒழுங்காக வாசித்தேன். மருமக்கள் வரிசையில் முதற்பெயர் சிவராசா. தயாளனின் அப்பா. பேரப்பிள்ளைகள் வரிசையில் நாலாவது தயாளன். அம்மாவைப் போனில் கூப்பிட்டுச் சொன்னேன்.

"கட்டப்போற பெடியனையே வெட்டிப்போட்டாய். இனி ஆரைக் கட்டுறது?" என்றார் அம்மா. அன்றைக்கு அவர் சுருக்கமாகத்தான் சொன்னார்.

மத்தியானம் அம்மாவோடு நீர்வேலிக்குப் போனேன். பந்தலுக்கு வெளியே சிவராசா மாமா என்னைத் தனியே கூப்பிட்டார். ஏசுவார் என்றுதான் எதிர்பார்த்தேன்.

"பதினெட்டு வருசம் மாமாவை என்ரை வீட்டிலை வைச்சுப் பார்த்தனான், பிள்ளை. கடைசி ரெண்டு வருசம் குளிப்பாட்டி, சோறு தீத்தினதும் நான்தான். விடிய எழும்பி அறிவித்தலை என்ரை கையாலை எழுதினன். அதிலை நான் இல்லை."

குரலை உயர்த்தவேயில்லை. அதுதான் தாங்க முடியவில்லை. கலியாணம் போனாலும் போகட்டும், இந்த மனிதரின் முகம் இப்படி இருக்கக்கூடாது என்று நினைத்தேன். (சரி, கலியாணமும் போகக்கூடாது என்றும் நினைத்தேன்.)

"வாசிக்காமல் வெட்டிப்போட்டன் மாமா," என்று சொல்லும்போதே அழுதுவிட்டேன்.

"உதைத் திருத்தேலாதோ?"

"திருத்தலாம் மாமா."

கிணற்றடியில் குந்தியிருந்து போனில் திருத்தினேன். செயலி அறுபது சொல்லுக்கு மேல் ஒரு சொல்லையும் ஏற்காது. அதனால் அறிவித்தலை ஒன்பது துண்டாக்கி, பகுதி ஒன்று, பகுதி இரண்டு என்று வரிசையாக அனுப்பினேன். ஒவ்வொரு துண்டுக்கும் ஒவ்வொரு போனும் மணியடிக்கும் என்பது மறந்துபோனது. தங்கள் பெயர் இல்லையென்று கேள்விப்பட்ட சொந்தக்காரர் அத்தனை பேரும் அன்று காலையில்தான் எங்கள் செயலியைத் தரவிறக்கியிருந்தார்கள் என்பது தெரியாது.

உள்ளே, பிரேதத்துக்கு வைக்கும் சுண்ணத்தை இடித்தபடி பாடும் சுண்ணப்பாட்டுத் தொடங்கியிருந்தது. பெண்கள் உரலைச் சுற்றி உலக்கையோடு நின்றார்கள். டிங். பந்தல் முழுக்க டிங். ஐயரின் இடுப்பிலும் டிங். ஒன்பது தடவை. பாட்டு நின்றது. எல்லோரும் போனை எடுத்துத் தங்களைத் தேடத் தொடங்கினார்கள்.

"நான் நாலிலை நிக்கிறன்."

"அக்கா, நீங்கள் ரெண்டிலை பாருங்கோ."

கிணறு பக்கத்தில்தான் இருந்தது. குதிப்போமா என்று எட்டிப் பார்த்தேன். நல்ல ஆழம்.

சிவராசா மாமா மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு பகுதி இரண்டை வாசித்தார். திரும்பவும் வாசித்தார். போனை மாமியிடம் கொடுத்தார். பிறகு கிணற்றடிப் பக்கம் திரும்பிச் சொன்னார்.

"உந்தப் பிள்ளைக்கு ஆராவது தேத்தண்ணி குடுங்கோ. விடியத்திலை இருந்து ஒண்டும் குடிச்சிருக்காது."

தேத்தண்ணியைக் கொண்டுவந்தவர் தயாளன்.

"நான் ஏழிலை," என்றார் மெதுவாக. சிரிக்கக்கூடாத இடத்தில் இரண்டு பேரும் குனிந்துகொண்டு சிரித்தோம்.

ஆண்டுத்திவசம் முடியக் கலியாணம் நடந்தது. அழைப்பிதழை மாமாதான் எழுதினார். ஒரு சொந்தமும் விடுபடவில்லை. என் பெயர் இருக்கிறதா என்று நான் இரண்டு தரம் பார்த்தேன்.

இன்றைக்கும் அந்த வீட்டில் விசேஷம் என்றால் மாமாதான் பந்திக்கு ஆட்களைக் கூப்பிடுவார். மூத்தவரிலிருந்து குஞ்சு குருமான் வரை ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி இருத்துவார். எல்லோரும் இருந்த பிறகு குசினிப் பக்கம் திரும்பி, "மற்றும் பலரும் வாங்கோ," என்பார்.

நான் கையைத் துடைத்துக்கொண்டு போய் இருப்பேன். எல்லோர் இலையிலும் ஒரு கதலிப்பழம். என் இலையில் மட்டும் இரண்டு.