விருது பெற்ற நைட்டி

உலகம் இதுவரை மூன்றே மூன்று மேதைகளைத்தான் கண்டிருக்கிறது. முதல் இருவர் யாரென்று எனக்குத் தெரியாது. மூன்றாமவர் என் வீட்டுக்காரர். நாடகத்துக்கும் சினிமாவுக்கும் உடை, செட் அமைக்கிறவர். இருபது வருஷமாகக் 'கலைச்சேவை' புரிகிறார். அதில் என் பங்கு, வாசலில் நின்று வீட்டுச் சாமான்களுக்கு டாட்டா காட்டுவது.

ஒருநாள் என் தங்கை வந்து உட்கார இடம் தேடினாள்.

"சோபா எங்கேக்கா?"

"கோர்ட்டுக்குப் போயிருக்கு. ஜட்ஜ் ரூம் சீனாம்."

"கட்டில்?"

"அது ஜெயில்ல. அடுத்த வாரம் விடுதலை."

பாவம், தரையில் உட்கார்ந்தாள். சமையலறையில் வரிசையாக ஜாடிகளைப் பார்த்ததும் அவளுக்குக் கொஞ்சம் நிம்மதி. சர்க்கரை எடுக்கக் கை நீட்டினாள், விரல் நங்கென்று சுவரில் இடித்தது. அத்தனையும் என்னவர் வரைந்த ஓவியம். "கேமராவுக்குத் தெரியலைன்னா அது உலகத்துலயே இல்லை" என்பது அவர் தத்துவம். கேமராவுக்குச் சர்க்கரை தெரியாது.

தங்கை என் பிறந்தநாளுக்கென்று புதுப்புடவை ஒன்று கொண்டுவந்திருந்தாள். அன்று சாயங்காலமே என்னவர் அதைத் தேயிலைத் தண்ணீரில் முக்கி, உப்புத்தாளால் தேய்த்து, முந்தானையில் இரண்டு கிழிசலும் வைத்துக் கொடியில் காயப்போட்டுவிட்டார்.

"என்னங்க இது!" என்று அலறினேன்.

"ஐயையோ, உன்னோடதா? புதுத்துணியைப் பார்த்தா கை சும்மா இருக்க மாட்டேங்குதும்மா. படத்துல புதுசு எடுபடாதுல்ல?"

இப்படிப்பட்ட கடமைவீரரைக் கோபிக்க முடியுமா? கோபித்தேன், அது வேறு விஷயம்.

என் புடவைகள் எல்லாம் கதாநாயகிகளுக்குப் போக, மிஞ்சியது ஒரே ஒரு நைட்டி. போன வருஷம் அதுவும் ஓர் 'ஏழைத்தாய்'க்குப் போய்விட்டது. அன்று முதல் நான் போலீஸ் உடையில் சமைக்கிறேன். தபால்காரர் சல்யூட் அடிக்கிறார்.

அந்த நைட்டிக்குத்தான் விருது! 'ஆண்டின் மிக யதார்த்தமான உடை.'

"விழாவுக்குக் கட்டிக்க ஒரு புதுப்புடவை வாங்கிக் குடுங்க. வேற ஒண்ணும் கேக்கலை," என்றேன். நிஜமாகவே அழுகை வந்தது.

"புடவையா? உன்னை மகாராணியாவே கூட்டிட்டுப் போறேன்!" என்று ராணி உடையை எடுத்து வந்தார். முன்பக்கம் ஜரிகையும் முத்துமாக ஜொலித்தது. பின்பக்கம் கேமராவுக்குத் தெரியாதே! அங்கே நாலு பழைய தலையணை உறை, பதினான்கு ஊக்கு.

"திரும்பாம இருந்தா போதும்," என்றார்.

நண்டு மாதிரி சுவரோரமாகவே நடந்துபோய் உட்கார்ந்தேன். மேடையில் கண்ணாடிப் பெட்டிக்குள் என் நைட்டி. 'தொடாதீர்கள்' என்று அட்டை வேறு.

நடுவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "அந்த அக்குள் கிழிசல்! தோள்ல குழந்தை கக்கின கறை! எப்படிங்க சாதிச்சீங்க?"

என்னவர் மைக்கைப் பிடித்தார். "இதை இந்த நிலைமைக்குக் கொண்டு வர எனக்கு முழுசா பதினோரு வருஷம் ஆச்சு."

அரங்கமே எழுந்து நின்று கைதட்டியது. என்னையும் மேடைக்குக் கூப்பிட்டார்கள். "இந்தச் சாதனையில உங்க பங்கு என்னம்மா?" என்றார் நடுவர்.

"அவர் சொன்னதுல ஒரு வார்த்தை பொய் இல்லைங்க," என்றேன். "பதினோரு வருஷமும் நான்தான் போட்டிருந்தேன். நடுவுல ஒரு மாத்துத்துணி வாங்கிக் குடுத்திருந்தாக்கூட இந்த விருது கெட்டிருக்கும்."

'எவ்வளவு அடக்கம்!' என்று அதற்கும் தட்டினார்கள். நான் கும்பிட்டுவிட்டு, அத்தனை கேமராவுக்கும் நேராக முதுகைக் காட்டித் திரும்பி நின்றேன். கைதட்டல் பட்டென்று நின்றது.

"என்னங்க," என்றேன் மைக்கில், "இப்போ கேமராவுக்குத் தெரியுது. இனிமேலாவது இது உலகத்துல உண்டுன்னு ஒத்துக்குவீங்களா?"