முத்தாண்டிக்குப்பத்து ஆசிய வெண்ணெய்

நெய்வேலி நகரியத்தில் காலைச் சாப்பாடு ஒரு பிரச்சினையாக இருந்ததே இல்லை. ஆறு மணி ஷிப்டுக்குப் போகிறவன் ஐந்தரைக்கே இட்லியை விழுங்கிவிட்டு சைக்கிளை மிதிப்பான். ஜெனரல் ஷிப்டுக்காரன் ஏழரைக்கு விழுங்குவான். இதற்கெல்லாம் யாரும் நோட் போட்டது கிடையாது. 1979-ஆம் வருஷம் ஜனவரியில்தான் காலைச் சாப்பாட்டுக்கென்று முதல் ஃபைல் திறக்கப்பட்டது. திறந்தவன் நான். கெஸ்ட் ஹவுஸ் பிரிவில் கிளார்க். அட்டையின் மேல் 'வெண்ணெய் (ஆசிய) வழங்குதல் தொடர்பாக' என்று குண்டு எழுத்தில் எழுதியதும் இந்தக் கைதான்.

சுரங்கத்து ராட்சத இயந்திரங்களைப் பார்வையிட மேற்கு ஜெர்மனியிலிருந்து ஆறு நிபுணர்கள் வரப்போவதாகக் கடிதம் வந்திருந்தது. அதே வாரம் எங்கள் அதிகாரி சண்முகசுந்தரத்தின் மனைவி பார்வதி அம்மாளுக்கு லண்டனிலிருந்து ஒரு பெண்கள் பத்திரிகை வந்தது. 'ஆசியச் சுவை வெண்ணெய்' என்ற ஒன்றை வீட்டிலேயே செய்து ரொட்டியில் தடவித் தின்பதுதான் மேல்நாட்டில் இப்போது நாகரிகம் என்று அதில் ஒரு பக்கம் முழுக்கப் படத்தோடு போட்டிருந்தார்கள். மறுநாள் அதிகாரி அந்தப் பக்கத்தைப் பையில் மடித்து வைத்துக்கொண்டு ஆபீசுக்கு வந்தார்.

"ஜெர்மன்காரங்களுக்கு ஆசிய வெண்ணெய் குடுக்கிறோம். நோட் போடுப்பா."

"அதுல என்ன சார் சேரும்?"

அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தார். "இஞ்சி. பூண்டு. பச்சை மிளகாய். கொத்தமல்லி. எலுமிச்சம் பழம். வறுத்த எள்ளு."

கடல் கடந்து வந்த மருந்துகளின் பெயரை வாசிக்கிறவர் மாதிரி ஒவ்வொன்றுக்கும் நிறுத்தி நிறுத்தி வாசித்தார். எங்கள் வீட்டு அடுப்படியிலும் இந்த ஆறும் உண்டு. அவை ஆசியாவைச் சேர்ந்தவை என்று எனக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது.

கெஸ்ட் ஹவுஸ் சமையல்காரர் தனகோட்டியை வரச் சொன்னோம். அவர் ஒன்பது வருஷமாக கான்டிராக்ட். பர்மனென்ட் ஆகாதவனுக்கு எங்கள் ஊரில் குவார்ட்டர்ஸ் கிடையாது, ஆஸ்பத்திரி கிடையாது, நிமிர்ந்து நிற்பதும் கிடையாது. தினமும் முத்தாண்டிக்குப்பத்திலிருந்து சைக்கிளில் வருவார். அவர் கைச் சமையலைச் சாப்பிட்டே மூன்று அதிகாரிகள் பதவி உயர்வு பெற்றுப் போய்விட்டார்கள். அவருடைய மனு மட்டும் என் மேஜையில் இடது பக்க அடுக்கில் அடியில் கிடந்தது. அதை மேலே எடுத்து வைக்கலாம் என்று நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன்.

"தனகோட்டி, ஆசிய வெண்ணெய் பண்ணத் தெரியுமா?"

"பேரு தெரியலீங்க. இன்னா போடணும்னு சொல்லுங்க."

சொன்னோம்.

"அட, இதுங்களா? வெண்ணெ லேசா புளிச்சிப் போச்சின்னா எங்க வூட்டுப் பொம்பள இதெல்லாம் அரைச்சிப் போட்டுப் பிசைஞ்சிடுவா. கேவுரு அடைக்கு ரொம்ப நல்லா இருக்கும்ங்க."

அதிகாரி என்னைப் பார்த்தார். "புளிச்ச விவரம் ஃபைல்ல வர வேண்டாம்." பிறகு தனகோட்டியிடம் சொன்னார்: "ஜெர்மன்காரங்க நல்லா இருக்குன்னு ஒரு வார்த்தை சொல்லட்டும். உன்னோட பர்மனென்ட் ஆர்டர்ல அன்னிக்கே கையெழுத்துப் போடறேன்."

தனகோட்டி கையைக் கூப்பினார். தோள் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். பார்க்கப் பாவமாக இருந்தது. நானும் அன்றைக்கு அந்த மனுவை அடியிலிருந்து நடுவுக்கு மாற்றி வைத்தேன்.

இரண்டு நாள் கழித்து அவர் மனைவி செங்கமலம் தூக்குவாளியோடு பஸ்ஸில் வந்து இறங்கினார். மூடியைத் திறந்ததும் ஆபீஸ் முழுக்க மணம். கேன்டீனிலிருந்து ரொட்டி வரவழைத்தோம். அதிகாரி ஆய்வின் பொருட்டு நான்கு துண்டு சாப்பிட்டார். ஐந்தாவதை எடுக்கும்போது அவருக்கு ஒரு சந்தேகம் வந்தது.

"இது எங்க பண்ணது?"

"எங்க வூட்லதாங்க. முத்தாண்டிக்குப்பத்துல."

"முத்தாண்டிக்குப்பத்துல பண்ணா அது எப்படிம்மா ஆசிய வெண்ணெய் ஆகும்?"

"அப்ப எருமைய எங்கங்க ஓட்டிக்கினு போவணும்?" என்றார் செங்கமலம்.

அதிகாரிக்கு அது பதிலாகப் படவில்லை. முத்தாண்டிக்குப்பம் ஆசியாவில் இருக்கிறது என்பதற்குத் தக்க சான்று இணைக்கும்படி எழுதினார். தனகோட்டி இரண்டு நாள் லீவு போட்டுவிட்டுத் தாலுகா ஆபீசுக்கு அலைந்தார். கிராமத்துக்குக் கட்டம் இருக்கிறது, தாலுகாவுக்கு இருக்கிறது, ஜில்லாவுக்கு இருக்கிறது, ஆசியாவுக்கு ஃபாரத்தில் கட்டமே இல்லை என்று அங்கே திருப்பி அனுப்பிவிட்டார்கள். கடைசியில் நான் என் மகளுடைய பள்ளிக்கூட அட்லஸில் ஆசியாப் படத்தைப் பிரித்து, உத்தேசமாக ஓர் இடத்தில் சிவப்பு மையால் புள்ளி வைத்தேன். 'முத்தாண்டிக்குப்பம் என்னும் கிராமம் ஆசியாக் கண்டத்தில் அமைந்துள்ளது என்று இதன் மூலம் சான்றளிக்கப்படுகிறது' என்று கார்பன் வைத்து டைப் அடித்தேன், ஒரு காப்பி தனகோட்டிக்கு. அதிகாரி பச்சை மையில் கையெழுத்துப் போட்டார். பச்சை மைக்கு அவருக்கு அதிகாரம் உண்டா என்று கேட்காதீர்கள், பேனா இருந்தது. அன்று முதல் அந்த ஊர் முறைப்படி ஆசியாவில் இருந்துவருகிறது.

அடுத்தது லேப். வெளிநாட்டு விருந்தாளி வாயில் வைக்கப்போகும் பொருளைச் சோதிக்காமல் பரிமாற முடியுமா? எங்களிடம் இருந்தது பழுப்பு நிலக்கரியைச் சோதிக்கும் லேப். அதற்கு ஒரே ஒரு ஃபாரம். அங்கே இருந்த கோபாலகிருஷ்ணன் ரொம்ப ஒழுங்கான மனிதர், ஃபாரத்தில் உள்ளதைத் தவிர வேறு எதையும் பார்க்க மாட்டார். மூன்றாம் நாள் ரிப்போர்ட் வந்தது.

'பொருள்: வெண்ணெய் (ஆசிய). நிறம்: பச்சை கலந்த மஞ்சள். பொடித்துச் சல்லடையில் சலித்தல்: இயலவில்லை, உருகிவிட்டது. ஈரம்: குறைவு. சாம்பல்: மிகக் குறைவு. எரிதிறன்: நமது நிலக்கரியைப் போல் இரண்டரை மடங்கு. முடிவு: கொதிகலனுக்கு மிகவும் ஏற்றது.'

ருசிக்கு ஃபாரத்தில் கட்டம் இல்லை.

அதிகாரி ரிப்போர்ட்டை மூன்று தரம் படித்தார். கோபாலகிருஷ்ணனைக் கூப்பிட்டு விசாரித்தார். அவர் அசையவில்லை. "சார், இந்த எரிதிறனுக்கு இது முதல்தர எரிபொருள். இதைப்போய் ரொட்டில தடவறது நேஷனல் வேஸ்ட்."

"அப்ப பரிமாற முடியாதே," என்றார் அதிகாரி. "எரிபொருளை டைனிங் ஹால்ல வைக்க ரூல் இடம் குடுக்காது. தனகோட்டி, மன்னிச்சுக்கோ."

தனகோட்டி, விருந்துக்கென்று புது வெண்ணெயோடு வந்திருந்த செங்கமலத்தைப் பார்த்தார். மறுநாள் காலை ஜெர்மன்காரர்கள் வருகிறார்கள். ஒன்பது வருஷத்துக்குப் பிறகு வந்த ஒரே வழியை எருமை வெண்ணெய் நன்றாக எரிகிறது என்ற காரணத்துக்காக அடைத்துவிட்டார்கள். எனக்கு வயிறு எரிந்தது, ஆனால் கிளார்க்கின் வயிறு எரிவதற்கு எந்த லேபும் ரிப்போர்ட் தருவதில்லை.

செங்கமலம்தான் வாசல் பக்கம் கையைக் காட்டினார். வராந்தாவில் வரிசையாக சிவப்பு வாளிகள் மணலோடு தொங்கிக்கொண்டிருந்தன.

"எரியற சாமானு இருக்கிற எடத்துலல்லாம் அத மாட்டி வெச்சிக்கினு இருக்கீங்களே. அதுல ரெண்ட எடுத்து வெண்ணெ பக்கத்துல வெச்சிட்டா உங்க ரூலு ஒத்துக்காதுங்களா?"

அதிகாரி ரூல் புத்தகத்தை எடுத்துப் புரட்டினார். ஒத்துக்கொண்டது.

மறுநாள் காலை டைனிங் ஹாலில் வெள்ளைத் துணி விரித்த மேஜை. நடுவில் பீங்கான் தட்டில் வெண்ணெய். அதன் இரண்டு பக்கமும் 'தீ' என்று எழுதிய சிவப்பு வாளிகள், கழுத்து வரை மணல். ஆறு ஜெர்மன்காரர்களும் உட்கார்ந்தார்கள். அவர்களில் மூத்தவர் வாளியை வெகுநேரம் பார்த்துவிட்டு, இது என்ன என்று கேட்டார்.

லேப் ரிப்போர்ட்டை விருந்தாளியிடம் எப்படிச் சொல்வது? அதிகாரி ஒரு கணம்தான் தயங்கினார்.

"எங்க வழக்கம் சார். ஆசிய வழக்கம்."

மூத்தவர் மரியாதையோடு தலையசைத்தார். வாளியின் விளிம்பை விரலால் தொட்டு, லேசாகத் தலையைக் குனிந்துவிட்டுப் பிறகுதான் வெண்ணெயை எடுத்தார். மற்ற ஐந்து பேரும் அப்படியே செய்தார்கள். அரை மணியில் தட்டு கழுவினது போல ஆகிவிட்டது. நல்லா இருக்கு என்று ஆறு பேரும் சொன்னார்கள். நடந்ததை நடந்தபடியே, 'ஆசிய வழக்கப்படி மணல் வாளிகள் வைக்கப்பட்டன' என்று நான் ஃபைலில் பதிவு செய்தேன்.

அதிகாரி சொன்ன வாக்கைக் காப்பாற்றினார், அதைச் சொல்லத்தான் வேண்டும். தனகோட்டிக்கு பர்மனென்ட் ஆர்டர் வந்தது. ஆனால் வெண்ணெய் ரிக்கார்டில் எரிபொருள் என்று ஏறிவிட்டதால் 'எரிபொருள் உற்பத்தி உதவியாளர்' என்றுதான் வேலை கொடுக்க முடிந்தது. உற்பத்திக்காரனுக்கு சுரங்கத்தில்தானே வேலை? ஊரிலேயே நல்ல சமையல்காரர் தலையில் ஹெல்மெட்டோடு கன்வேயர் பெல்ட் பக்கத்தில் நின்றார். கெஸ்ட் ஹவுசில் அப்புறம் யாரும் வாயில் வைக்கும்படி சாப்பிடவில்லை. தனகோட்டிக்கு அதைப்பற்றிக் கவலை இல்லை, ஆர்டரை ஃபிரேம் போட்டுவிட்டார்.

ஆர்டர் வந்த அன்றைக்கு செங்கமலம் என் மேஜைக்கு வந்தார்.

"வெண்ணெ கடைஞ்சது நானு. வாளி வெக்கச் சொன்னதும் நானு. பர்மனென்ட் அவருக்கு. சந்தோசந்தாங்க, ஆனா நாயத்த யார கேக்கறது?"

"உங்க பேரு ஃபைல்ல எங்கயும் இல்லம்மா."

"ஃபைல எழுதினது யாருங்க?"

எனக்கு அவசரமாக ஒரு பென்சிலைச் சீவ வேண்டியிருந்தது.

எட்டு மாதம் கழித்து பார்வதி அம்மாளுக்கு லண்டன் பத்திரிகையின் புது இதழ் வந்தது. மறுபடியும் ஆசிய வெண்ணெய். இந்தத் தடவை படத்தில் வெண்ணெய்த் தட்டுக்குப் பக்கத்தில் அழகான ஒரு குட்டிச் சிவப்பு வாளி. 'ஆசியக் குடும்பங்களில் மணல் வாளியைத் தொட்டு வணங்கிய பிறகே வெண்ணெய் உண்பது பல நூற்றாண்டு வழக்கம். அண்மையில் அங்கே சென்று திரும்பிய ஜெர்மானிய நிபுணர் ஒருவர் தெரிவிக்கிறார்' என்று கீழே எழுதியிருந்தது. நம் வழக்கத்தை நாமே கைவிட்டு விட்டோமே என்று பார்வதி அம்மாள் லேடீஸ் கிளப்பில் மிகவும் வருத்தப்பட்டார்.

அந்த வாரமே அதிகாரிகள் பங்களாக்களில் வாளி வந்துவிட்டது. பிறகு சம்பள வரிசைப்படி ஒவ்வொரு பிளாக்காக இறங்கியது. ஆபீஸ் வராந்தாக்களில் தொங்கிய வாளிகளைக் காணவில்லை என்று தீயணைப்புப் பிரிவு புகார் எழுதியது. என் மனைவி இசக்கியம்மாளும் ஒரு வாளி கேட்டாள்.

"அது தீ விதிக்கு வச்சது," என்றேன். "நான் கூடவே இருந்தேன்."

"ஆசிய வழக்கம்னு ஃபைல்ல எழுதியிருக்குன்னு பார்வதி அம்மா சொல்றாங்க. நீங்க எழுதினதுதானே? பொய்யா எழுதினீங்க?"

வாளி வாங்கினேன். மணலுக்கு எங்கே போவது என்று பார்த்தால், செங்கமலமே வாசலில் நின்றார். ஒரு கையில் வெண்ணெய்த் தூக்குவாளி, இடுப்பில் சலித்த மணல் கூடை. பிளாக் பிளாக்காக இரண்டையும் விற்றுக்கொண்டு வருகிறாராம், வெண்ணெயைவிட மணல்தான் சீக்கிரம் தீர்கிறதாம்.

இசக்கியம்மாள் மணலைக் கையில் அள்ளிப் பார்த்தாள். "இது ஆசிய மணல்தானே?"

செங்கமலம் இடுப்பிலிருந்து மடித்த காகிதம் ஒன்றை எடுத்து நீட்டினார். முத்தாண்டிக்குப்பம் ஆசியாக் கண்டத்தில் அமைந்துள்ளது என்று நான் அடித்த சான்றிதழின் கார்பன் காப்பி. அடியில் டைப் அடித்தவனின் இனிஷியல் தெளிவாக இருந்தது. இசக்கியம்மாள் அதைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

இரண்டு படி வாங்கினோம்.