தெருவைத் தாண்டி வந்த பார்னி மாமா

லாம்ப் தெரு, மேற்குப் பக்கம்,
மெல்பர்ன், மே 1922

மதிப்பிற்குரிய ஹனோரா அத்தைக்கு டெஸ்மண்ட் வணக்கத்துடன் எழுதுவது. எதிர்ச்சாரியில் உங்கள் புகைபோக்கி புகைவது என் சன்னலில் தெரிகிறது. ஆகவே நலமென்று கொள்கிறேன். நான் நலமில்லை. உங்கள் கணவரைத் திரும்ப அழைத்துக்கொள்ளுங்கள்.

பத்து வருஷம் பிரிக்டன் அணிக்கு ஆஸ்திரேலியக் கால்பந்து ஆடியவர், நாட்டுப்புறத்து வெண்ணெய் ஆலையில் கொஞ்ச காலம் இருந்துவிட்டு வந்து, முப்பத்தேழு வயதில் கடைசியாக ஒரு பருவம் ஆடவேண்டும் என்கிறார். லீக் விதியோ, எந்தப் பேட்டையில் குடியிருக்கிறாயோ அந்த அணிக்கே ஆடு என்கிறது. எல்லை நம் தெரு நடுவே ஓடுகிறது. உங்கள் வீடு ஹார்க்கூர்ட். என் அறை பிரிக்டன். "ஹார்க்கூர்ட் சட்டையைப் போடறதுக்குப் பதிலா சவப்பொட்டியில படுத்துப்பேன்டா" என்று மூட்டையோடு வந்தவர் என் கட்டிலைப் பிடித்துக்கொண்டார். நான் தரையில். தைலம் தேய்த்த முழங்காலை என் மின்மாற்றி வரைபடத்தின் மேல் நீட்டி, மூன்று வாரத்து வேலையை எண்ணெய்க் காகிதமாக்கினார். அந்த முழங்கால் தேய்ந்துபோன பேரிங். மாற்றிப் போட உதிரி கிடையாது. சொன்னால் கேட்டால்தானே! அவர் பெயர் பெற்றதே எதிராளியின் தோளில் முட்டி வைத்து ஏறி ஆகாயத்தில் இரு கையாலும் பந்தைப் பிடிப்பதில்தான். செவ்வாய்க்கிழமை மாடிப்படியில் சுருட்டிய காலுறையைத் தூக்கிப் போட்டு, பக்கத்து அறைக்காரர் தோளில் ஏறிப் பிடித்தார். பக்கத்து அறைக்காரர் கையில் சூப் இருந்தது.

துடைத்து முடிப்பதற்குள் ஆட்ட அனுமதிக்கான விசாரணைக்கு லீக் ஆள் பிளன்கெட் வந்துவிட்டார்.

"பார்னி டூலன் இங்கதான் குடியிருக்காரா?"

நான் ஆமாம் என்பதற்குள் நீங்கள் உங்கள் வாசலில் நின்று, "பார்னி! ஆட்டுக்கறி ஆறுது, வந்து தொலையேன்!" என்று தெருவே கேட்கக் கூவினீர்கள்.

மாமா அசரவில்லை. "நல்ல பொம்பளை சார். போறவன் வர்றவனையெல்லாம் சாப்பிடக் கூப்பிடும்."

"பேரு சொல்லியா?" என்றார் பிளன்கெட். பிறகு தொப்பியைக் கழற்றிவிட்டு இடது தோளைத் தட்டினார். "தொள்ளாயிரத்து ஒன்பதாம் வருஷ அரையிறுதி. மழை. நீ ஏறி மிதிச்சியே, இந்தத் தோள்தான்யா. இன்னைக்கும் மேகம் கூடினா வலிக்குது."

"அட, நீயா! மெத்தை மாதிரி இருந்துச்சே!"

இருவரும் என் கட்டிலில் உட்கார்ந்து, அந்தச் சேற்றையும், நனைந்து கல்லாய்க் கனத்த பந்தையும், டிராம் கூரைமேல் நின்ற கூட்டத்தையும் பேசித் தீர்த்தார்கள். அன்று நானும் வேலிக் கம்பியில் தொற்றிக்கொண்டு பார்த்தேன். மாமா மழைக்குள்ளேயே ஏறிப்போய் இறங்க மறந்தது போலிருந்தது. அதைச் சொல்லவில்லை, விசாரணைக்குச் சம்பந்தமில்லாதது.

போகும்போது பிளன்கெட் தரையில் கிடந்த என் போர்வையைப் பார்த்துவிட்டுப் படியிறங்கினார். அனுமதி வராது என்பதே என் கணிப்பு. இன்றே வந்து அழைத்துப் போங்கள்.

உங்களையும் உங்கள் கோழிகளையும் ஆண்டவர் காக்கட்டும்.

அன்புள்ள,
டெஸ்மண்ட்

பி.கு.: இதைத் தபாலில் சேர்ப்பதற்குள் சனிக்கிழமையும் வந்துவிட்டது, அனுமதியும் வந்துவிட்டது. மேலே எழுதியதை அடுப்பில் போடுங்கள். பருவம் முடியும் செப்டம்பர் வரை மாமாவைத் தரமாட்டேன். சற்று முன் பூட்ஸ் கயிறு கட்ட அவருக்கு முழங்கால் மடங்கவில்லை. நான்தான் கட்டிவிட்டேன். தபாலுக்கு நேரமில்லை, இதை உங்கள் கதவடியில் செருகிவிட்டுப் போகிறேன்; மதியம் மைதானத்தில் பிரிக்டன் பக்கத்து வேலியோரம் நிற்பேன், வந்துவிடுங்கள். அவர் ஏறினால் கத்த நான் ஒருவன் போதும்; விழுந்தால் தூக்க இரண்டு பேர் வேண்டும்.